பக்கத்துக் கதிரை

என் மேல் வழக்குப் போட்ட ஒருவரைப் பற்றித்தான் எழுதப்போகிறேன். பகையோடு எழுதுகிறேன் என்று யாரும் நினைக்கவேண்டாம். அந்த வழக்கின் அறிவித்தல் எங்கள் வங்கிக் கிளைக்குப் பதிவுத் தபாலில் வந்த காலையில், தபாற்காரரின் புத்தகத்தில் கையெழுத்துப் போட்டு அதை வாங்கியவரும் அவர்தான், என் மேசைக்குக் கொண்டுவந்து வைத்தவரும் அவர்தான். கூடவே ஒரு கோப்பை தேத்தண்ணியும் வைத்தார்.

"தம்பி, உங்களுக்கு ஒரு பதிவுத் தபால். நான்தான் போட்டனான். தேத்தண்ணியைக் குடிச்சிட்டுப் பிரியுங்கோ. பிரிச்சாப் பிறகு குடிக்க மனம் வராது."

குடித்துவிட்டுப் பிரித்தேன். மனுதாரர் அவர். முதலாம் எதிர்மனுதாரர் எங்கள் கூட்டுறவுச் சங்கம். இரண்டாம் எதிர்மனுதாரர் நான். கிளை முகாமையாளராக என்னை நியமித்தது செல்லாது, அந்தப் பதவி தனக்கு வந்திருக்கவேண்டியது என்று மூன்று பக்கத்தில் எழுதியிருந்தார். என்னைப் பற்றி அதில் ஒரு குறைச் சொல் இருக்கிறதா என்று இரண்டு தரம் தேடிப் பார்த்தேன். இல்லை.

நாங்கள் எல்லோரும் அவரை மிஸ் என்றுதான் கூப்பிடுவோம். பணம் எடுக்க வரும் சனமும் அப்படித்தான். குள்ளமான உருவம், வெளிறிய நூற்சேலை, மழையோ வெயிலோ கையில் ஒரு கறுப்புக் குடை. பாலையூற்றுக் கோயிலில் காலைப் பூசை கண்டுவிட்டு, இரண்டு பஸ் மாறி நிலாவெளி வீதியில் இருக்கும் எங்கள் கிளைக்கு வந்துவிடுவார். கீழே சங்கக் கடை, மேலே வங்கி. அரிசி மூடைக்கும் உர மூடைக்கும் நடுவே ஏறிப் போகிற படியில் அவருடைய குடை தட்டுகிற சத்தம் கேட்டால் மணி எட்டு இருபது.

அவரிடம் ஒரு வாய்ப்பழக்கம் இருந்தது. எதைச் சொன்னாலும் "கடதாசி வரட்டும்" என்பார். அடுத்த மாதம் சம்பளம் கூடுமாம் மிஸ் என்றால், கடதாசி வரட்டும். கோயில் சபைக்கு உங்களைத் தெரிவு செய்திருக்கிறார்களாம் என்றால், கடதாசி வரட்டும். ஒரு தரம் அவருடைய பிறந்த நாளுக்கு நாங்கள் கேக் வாங்கி வைத்தோம். கைப்பையைத் திறந்து அடையாள அட்டையை எடுத்துப் பார்த்து, "ஓம், சரிதான்" என்று சொன்ன பிறகுதான் கத்தியைக் கையில் எடுத்தார். நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம். அவருக்கு ஏன் சிரிக்கிறோம் என்று விளங்கவில்லை.

நான் அந்தக் கிளைக்கு வந்து சேர்வதற்கு முன்னரே பழைய முகாமையாளர் சுகமில்லாமல் விலகிவிட்டார். சங்கத்தின் நெறியாளர் குழுவிலிருந்து ஒருவர் வந்து, "மிஸ், கொஞ்சக் காலத்துக்கு நீங்கள் பாருங்கோ" என்று வாயால் சொல்லிவிட்டுப் போனாராம். அந்தக் கொஞ்சக் காலம் பதினொரு வருடமாக இழுபட்டது. முகாமையாளருக்குப் பதிலாகக் கடமை பார்க்கிறார் என்று ஒரு கடிதம் கொடுத்தால் அதற்கு மேலதிகப் படி கொடுக்கவேண்டும். நாளைக்குப் பதவி தனக்கே என்று கேட்க அவருக்கு ஓர் ஆதாரமும் ஆகிவிடும். ஆகவே கடிதம் வரவே இல்லை. ஒவ்வொரு ஜனவரியும் அவர் எழுதிக் கேட்பார். பதில் வராது. பிரதியை ஒரு மஞ்சள் கோவையில் போட்டு வைப்பார்.

கடிதம் இல்லாததால் அவர் ஒரு காரியம் செய்தார். முகாமையாளரின் கதிரையில் இருக்கவில்லை.

உயர்ந்த முதுகு வைத்த சக்கரக் கதிரை அது. அதற்குப் பக்கத்தில் தன் மரக் கதிரையை இழுத்துப் போட்டு, அதே மேசையின் ஓரத்தில் இருந்துதான் பதினொரு வருடமும் முகாமையாளர் வேலையைப் பார்த்தார். காலையில் வந்ததும் அந்தப் பெரிய கதிரையை ஒரு துணியால் தூசி தட்டுவார். பிறகு தன் கதிரையில் இருப்பார். கையெழுத்து வைக்கிற இடத்தில் எல்லாம் "முகாமையாளருக்காக" என்று எழுதித்தான் வைப்பார்.

புதிதாக வருகிறவர்கள் முகாமையாளர் கை கழுவப் போயிருக்கிறார் என்று நினைத்துக் காத்திருப்பார்கள். கரைவலைச் சொந்தக்காரரான சம்மாட்டி ஒருவர் முக்கால் மணித்தியாலம் இருந்து பார்த்துவிட்டுக் கேட்டார்.

"என்ன மிஸ், மனேஜர் இன்னும் வரேல்லையோ?"

"மனேஜர் இல்லை. மனேஜருக்காக நான் இருக்கிறன்."

"அப்ப அவர் எப்ப வருவார்?"

"அது சங்கத்துக்குத்தான் தெரியும். உங்கட அலுவலைச் சொல்லுங்கோ."

இன்னொரு நாள், சனிக்கிழமை அரை நாள், கதவை இழுத்துப் பூட்டுகிற நேரம். குச்சவெளிப் பக்கமிருந்து ஒரு முஸ்லிம் ராத்தா மூச்சிரைக்க ஓடிவந்தார். பேரனை ஆஸ்பத்திரியில் வைத்திருக்கிறார்கள், நிலையான வைப்பை இன்றைக்கே உடைக்கவேண்டும். அதற்கு முகாமையாளரின் ஒப்பம் வேண்டும். கடைசிப் படியில் நின்ற மிஸ் திரும்பி மேலே ஏறவில்லை. பத்திரத்தை என்னிடம் எடுத்து வரச் சொல்லி, ஓர் உர மூடையின் மேல் வைத்து ஒப்பமிட்டு, "தம்பி, காசு லாச்சியைத் திறந்து குடுங்கோ. ராத்தா, நீங்கள் இருந்து மூச்சை விடுங்கோ" என்றார். முகாமையாளரின் வேலையை அவர் உர மூடையில் வைத்தும் செய்வார். கதிரையில்தான் இருக்கமாட்டார்.

பிறகு ஒரு நாள் சங்கம் நேர்முகப் பரீட்சை வைத்தது. அவரும் போனார், அவருக்கு ஒன்பது வருடம் பிந்தி வேலைக்கு வந்த நானும் போனேன். அவரிடம் வட்டி வீதங்களையும் கூட்டுறவுச் சட்டத்தையும் கணினியையும் பற்றி அரை மணித்தியாலம் கேட்டார்களாம். என்னிடம் கேட்ட முதற் கேள்வி, "உங்கட மாமா சுகமாய் இருக்கிறாரோ?" என்பது. அதற்கு எனக்குப் பதில் தெரியும். மற்றக் கேள்விகள் ஞாபகமில்லை.

நியமனக் கடிதம் எனக்கு வந்தது. நான் பொறுப்பேற்ற அன்று, மிஸ் பெட்டகத்தின் திறப்புக் கொத்தை எடுத்து, ஒவ்வொன்றாக எண்ணித் தந்தார். பத்திரத்தில் கடைசித் தடவையாக "முகாமையாளருக்காக" என்று எழுதிக் கையெழுத்து வைத்தார். பிறகு தன் மரக் கதிரையை இழுத்துக்கொண்டு கவுண்டருக்குப் போனார். தரையில் விரித்திருந்த பிளாஸ்டிக் கார்பெட்டில் அது நின்ற இடத்தில் நாலு குழி. பெரிய கதிரையில் இருந்தபடி, கீழே பார்க்கும்போதெல்லாம் அந்த நாலு குழியும் எனக்குத் தெரியும். மூன்றாம் மாதம்தான் அந்தப் பதிவுத் தபால் வந்தது.

விசாரணை நகரத்தில். கூட்டுறவு ஊழியர்களின் மேன்முறையீடுகளைக் கேட்கிற சபை, தலைவர் ஓய்வுபெற்ற ஒரு நீதவான். நானும் பாலையூற்றுக்காரன் என்பதால் இரண்டு பேருக்கும் ஒரே பஸ் தரிப்பு. முதலாம் தவணை நாள் மிஸ் குடையோடு வருவதைக் கண்டு, மின்கம்பத்துக்குப் பின்னால் ஒதுங்கிப் பாதையின் மறுபக்கத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

"தம்பி, அந்தக் கம்பம் மெல்லிசு. உங்களை மறைக்காது. வாங்கோ, பஸ் வருது."

டிக்கெட்டை இரண்டாக எடுத்தார். "போகேக்க நான், வரேக்க நீங்கள்" என்றார். ஒரே ஆசனத்தில் இருந்தோம். எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

"மிஸ், என்னில கோவமோ?"

"உங்களில என்னத்துக்குக் கோவம்? நீங்களோ நியமிச்சது? வழக்கு உங்களோட இல்லை, தம்பி, அந்தக் கடதாசியோட. அதில உங்கட பேர் கிடக்கு. அதுக்கு நான் என்ன செய்ய?"

மத்தியானம் அவர் கொண்டுவந்த பிட்டும் மீன்குழம்பும் இரண்டு பங்கானது. மனுதாரரும் எதிர்மனுதாரரும் ஒரு மரத்தடியில் ஒரே பொதியைத் திறந்து சாப்பிடுவதைச் சங்கத்தின் சட்டத்தரணி மாடியிலிருந்து பார்த்துவிட்டு, "நீங்கள் ஆரின்ர பக்கம் எண்டு உங்களுக்குத் தெரியுமோ?" என்று என்னைக் கேட்டார்.

என் பிழை அன்றைக்குத்தான் நடந்தது. நான் கதைக்காரன். வாய் சும்மா இராது. பின்னேரம் அந்தச் சட்டத்தரணியோடு தேத்தண்ணி குடிக்கையில், மிஸ் எப்படிப்பட்ட மனுசி என்று அவருக்கு விளங்கப்படுத்த வேண்டும் போல இருந்தது. கேக் கதையைச் சொன்னேன். சம்மாட்டி கதையைச் சொன்னேன். அவர் சிரித்தார். அந்தச் சிரிப்பில் குளிர்ந்துபோய்க் கதிரைக் கதையையும் சொன்னேன். பதினொரு வருடமும் அந்தக் கதிரையைத் தூசி தட்டினவர், ஒரு நாள்கூட அதில் இருந்ததில்லை, அவ்வளவு நேர்மை ஐயா என்றேன். சட்டத்தரணி கோப்பையை வைத்துவிட்டுப் பேனையை எடுத்தார். எனக்கு அப்போதும் விளங்கவில்லை.

பெட்ரோல் இல்லாமல் நாடே வரிசையில் நின்ற வருடம் அது. தவணை தள்ளித் தள்ளிப் போய், ஏழு மாதம் கழித்துத்தான் அடுத்த விசாரணை. மிஸ் சாட்சி சொல்லக் கதிரையில் இருந்தார். சட்டத்தரணி எழும்பினார்.

"பதினொரு வருசம் பதில் முகாமையாளராக வேலை செய்ததாகச் சொல்லுறீங்கள். அதுக்கு ஒரு கடிதம் இருக்கோ?"

"இல்லை."

"முகாமையாளரின்ர கதிரையில எப்பவாவது இருந்தீங்களோ?"

மிஸ் மடியில் கிடந்த மஞ்சள் கோவையை நேராக்கினார்.

"ஒரு நாளாவது?"

"இல்லை."

"அதாவது, நீங்கள் முகாமையாளர் எண்டு உங்களுக்கே நம்பிக்கை இல்லை. கடிதமும் இல்லை, கதிரையிலயும் இல்லை. வெற்றுக் கதிரைக்குப் பக்கத்தில இருந்த ஒரு எழுதுவினைஞர். அவ்வளவுதானே?"

மிஸ் சட்டத்தரணியைப் பார்க்கவில்லை. திரும்பி என்னைப் பார்த்தார். கோபப் பார்வை என்றால் தாங்கியிருப்பேன். பெட்டகத்தின் திறப்பை வைத்த இடத்தில் காணவில்லை என்றால் ஒருவர் எப்படிப் பார்ப்பாரோ, அப்படி ஒரு பார்வை. தலைவர் மணியைப் பார்த்துவிட்டு, பதிலை மத்தியானத்துக்குப் பிறகு கேட்பதாகச் சொல்லி எழும்பினார்.

மரத்தடியில் அன்றைக்கும் பொதி பிரிபட்டது. அன்றைக்கும் இரண்டு பங்கு வைத்தார். நான் என் பங்கைத் தொடவில்லை. எங்கள் நகரத்தில் மான்கள் தெருவில் மாடு போலத் திரியும்; வாழைப்பழத் தோலையும் கடதாசியையும் தேடி அவை வருகிற நேரம் அது. ஒரு பெட்டை மான் மதிலோரமாக வந்ததை நாங்கள் இரண்டு பேரும் கவனிக்கவில்லை. மிஸ் பக்கத்தில் வைத்திருந்த மஞ்சள் கோவைக்குள் தலையை விட்டு ஒரு தாளை இழுத்தது.

நான் பாய்ந்தேன். ஒரு கையால் கோவையை அணைத்துக்கொண்டு, மறு கையால் மானின் வாயிலிருந்து தாளைப் பறித்தேன். மூலை போய்விட்டது, மிச்சம் தப்பியது. ஏழாம் வருட ஜனவரிக் கடிதத்தின் பிரதி. என் சேட்டு நுனியில் துடைத்து அவரிடம் நீட்டினேன்.

மிஸ் தாளையும் பார்த்தார், என்னையும் பார்த்தார்.

"விட்டிருந்தா உங்கட கதிரை தப்பியிருக்கும், தம்பி."

எனக்கு அழுகை வந்துவிட்டது. "மிஸ், அந்தக் கதிரைக் கதையை நான்தான் சொன்னனான்."

"தெரியும். வேற ஆருக்குத் தெரியும் அந்தக் கதை?"

"பெருமையாத்தான் சொன்னனான், மிஸ்."

"அதுவும் தெரியும். நல்லாத்தான் சொல்லியிருப்பியள். லோயருக்கே விளங்கியிருக்கெல்லோ." பிறகு என் பங்கை என் பக்கம் தள்ளினார். "சாப்பிடுங்கோ. பின்னேரம் உங்களையும் கூப்பிடுவினம். பசியோட போனா இன்னும் கனக்கக் கதைப்பியள்."

மத்தியானத்துக்குப் பிறகு அவர் ஜனவரிக் கடிதங்களைத் தலைவரிடம் கொடுத்தார். தலைவர் ஒன்றை உயர்த்திப் பார்த்தார்.

"இதின்ர மூலை எங்க?"

"மான் கடிச்சது ஐயா."

"எந்த மான்? பஸ் நிலையத்து மானோ, கோட்டை மானோ?" மண்டபம் சிரித்தது. தலைவர் சிரித்து முடித்துக் கண்ணாடியைக் கழற்றினார். "அது கிடக்கட்டும். காலையில கேட்டதுக்குப் பதிலைச் சொல்லுங்கோ, அம்மா. கடிதம் தராததால கதிரையில இருக்கேல்ல எண்டு வைப்பம். ஆனால் அதே கடிதம் இல்லாமல் கையெழுத்து மட்டும் வச்சிருக்கிறீங்களே. அது எப்படி?"

அவர் யோசிக்கவில்லை. எத்தனையோ வருடத்துக்கு முன்னரே யோசித்து முடித்த பதில் போல வந்தது.

"ஐயா, நான் கையெழுத்து வைக்காட்டி சனத்தின்ர அலுவல் நிண்டு போகும். கதிரையில இராட்டி ஒருத்தருக்கும் ஒண்டும் குறையாது. சனத்துக்குத் தேவையானதைக் கேக்காமல் செய்தனான். எனக்குத் தேவையானதைக் கேட்டுக்கொண்டு இருந்தனான். பதினொரு தரம் கேட்டனான்."

தலைவர் கண்ணாடியைப் போட்டு நிறைய நேரம் எழுதினார். பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். சங்கத்தின் சட்டத்தரணி எனக்குச் சொல்லித் தந்திருந்தது இரண்டே பதில்: "ஓம்", "தெரியாது." தலைவர் தானே கேட்டார்.

"நீங்கள் பொறுப்பேற்கேக்க பெட்டகத் திறப்பை ஆரிட்ட இருந்து வாங்கினீங்கள்?"

"மிஸ்ஸிட்ட இருந்து, ஐயா."

"அவ கதிரையில இருக்கேல்ல எண்டு உங்கட சட்டத்தரணி சொல்லுறார். சரியோ?"

"ஓம் ஐயா" என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். வாய் நிற்கவில்லை. "அவ எங்க இருந்து வேலை செய்தவ எண்டு தரையில இருக்குது, ஐயா. அவவின்ர கதிரைக் கால் நாலும் கார்பெட்டில குழி விழுத்தியிருக்கு. நான் ஒண்டரை வருசமா அதைப் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறன். சும்மா இருந்த கதிரை அப்படிக் குழி விழுத்தாது."

சட்டத்தரணி தன் பையைப் பூட்டுகிற சத்தம் எனக்குக் கேட்டது. திரும்பி வருகிற பஸ்ஸில் டிக்கெட் என் முறை. மிஸ் ஜன்னல் பக்கமாக இருந்து நெடுநேரம் கடலைப் பார்த்துக்கொண்டு வந்தார். கடைசியில், "அந்தக் குழியை நான் கவனிக்கேல்ல" என்றார்.

அஞ்சு மாதம் கழித்து ஒரே நாளில் இரண்டு பதிவுத் தபால்கள் வந்தன. ஒன்று அவருக்கு, ஒன்று எனக்கு. இந்த முறை தேத்தண்ணியை நான் போட்டேன். இரண்டு கோப்பையையும் மேசையில் வைத்து, "குடிச்சிட்டுப் பிரியுங்கோ, மிஸ்" என்றேன். குடித்தோம். பிரித்தோம். என் நியமனம் இரத்து, பழைய தரத்துக்குத் திரும்பவேண்டும். அவர் கிளை முகாமையாளர். ஓய்வுக்குப் பதினாலு மாதம் இருந்தது அவருக்கு.

கவுண்டரில் இருந்த பிள்ளைகள் கை தட்டினார்கள். நான் எழும்பி நின்று பெரிய கதிரையை அவர் பக்கம் திருப்பினேன். பதவி போன கவலை எனக்கு இல்லை என்று பொய் சொல்லமாட்டேன். வீட்டுக்குப் போய் எப்படிச் சொல்வது என்ற யோசனையும் இருந்தது. ஆனால் அந்தக் கதிரையைத் திருப்பின கைக்கு ஒரு நிம்மதியும் இருந்தது.

மிஸ் அதில் இருக்கவில்லை. கடிதத்தை மறுபடி கண்ணுக்குக் கிட்டப் பிடித்து வாசித்தார்.

"வாற ஒண்டாந் திகதியில இருந்து எண்டெல்லோ போட்டிருக்கு. இண்டைக்கு இருபத்து மூண்டுதானே."

"மிஸ், கடதாசிதான் வந்திட்டுதே!"

"வந்தது. அது சொல்லுறதைக் கேக்கவேணுமெல்லோ. ஒண்டாந் திகதி மட்டும் நீங்கள்தான் மனேஜர். இந்தாங்கோ, இந்தப் பத்திரத்தில கையெழுத்து வையுங்கோ. சனம் காத்துக்கொண்டு நிக்குது."

அந்த எட்டு நாளும் நான் அந்தக் கதிரையில் இருந்த இருப்பு எனக்குத்தான் தெரியும். ஒன்றாம் திகதி வந்தது. போயா, பூரணை நாள் விடுமுறை. இரண்டாம் திகதி எட்டு இருபதுக்குப் படியில் குடை தட்டியது.

குடையை மூலையில் சாத்தினார். துணியை எடுத்துக் கதிரையைத் தூசி தட்டினார். கவுண்டரில் எல்லோரும் வேலை செய்வது போலப் பாவனை பண்ணினோம். சேலையை ஒதுக்கிக்கொண்டு மெல்ல இருந்தார். இருந்தவர் அப்படியே அசையாமல் இருந்தார். பிறகு தாழ்ந்த குரலில் என்னைக் கூப்பிட்டார்.

"தம்பி, ஒருக்கா இஞ்ச வாங்கோ."

போனேன். மேசைக்குக் கீழே கண்ணால் காட்டினார். கால் இரண்டும் தரையில் முட்டவில்லை. செருப்பு விரல் நுனியில் தொங்கிக்கொண்டிருந்தது.

"பதினொரு வருசம் தூசி தட்டினனான். இது இவ்வளவு உயரம் எண்டு தெரியாது."

நான் நெட்டையன். இரண்டு வருடத்துக்கு முன் என் அளவுக்கு உயர்த்தி வைத்தது. முழந்தாளிட்டு, கதிரையின் கீழே வலப் பக்கத்தில் இருக்கிற பிடியைத் தேடிப் பிடித்து அழுத்தினேன். அது பெருமூச்சு விட்டபடி கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது.

"இன்னும் கொஞ்சம்" என்றார். "இன்னும்... காணும் தம்பி."

இரண்டு செருப்பும் தரையில் பட்டன. அவர் காலை ஒரு தரம் அழுத்திப் பார்த்தார். பிறகு மூக்குக் கண்ணாடியைப் போட்டு மேசையில் இருந்த பத்திரங்களைத் தன் பக்கம் இழுத்தார்.

"இனி உங்கட கதிரையைக் கொண்டுவாங்கோ. போன மாதத்து வேலையெல்லாம் ரெண்டு பேரும் ஒருக்காப் பாக்கவேணும்."

கவுண்டரிலிருந்து ஒரு கதிரையை இழுத்து வந்தேன். மேசை ஓரத்தில் போட இருந்த இடம் அது ஒன்றுதான், அந்த நாலு குழி. இருந்தேன். வேறு அளவான கதிரை, கால் சரியாகப் பொருந்தவில்லை. ஒரு பக்கமாக ஆடியது.

மிஸ் பத்திரத்திலிருந்து தலை நிமிர்த்தவில்லை.

"பழகும்" என்றார்.